மிக்லோஷ் ரோஜா: புடாபெஸ்ட் முதல் ஹாலிவுட் வரை – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மிக்லோஷ் ரோஜா யார்?

1907 ஏப்ரல் 18 அன்று ஹங்கேரியின் தலைநகர் புடாபெஸ்ட்டில் பிறந்த இசையமைப்பாளர். 'பென்-ஹர்' படம் பார்த்தவர்கள் இவர் பெயரை அறியாமலே இவர் இசையைக் கேட்டிருப்பார்கள். ரோமானிய எக்காளங்கள், தேர்ப்பந்தயத்துக்கு முந்தைய அணிவகுப்பு, அடிமைகள் துடுப்பு வலிக்கும் காட்சியில் விடாமல் அடிக்கும் அந்தத் தாளம், எல்லாம் இவருடையவைதான். 1937 முதல் 1982 வரை 45 ஆண்டுகளில் ஏறக்குறைய நூறு படங்களுக்குப் பின்னணி இசை எழுதினார். ஆஸ்கருக்கு 17 முறை பரிந்துரைக்கப்பட்டு 3 முறை வென்றார்.

ஆனால் இவ்வளவோடு நிறுத்தினால் பாதி மனிதரைத்தான் சொன்னதாக ஆகும். சினிமாவுக்கு வருவதற்கு முன்பே ஐரோப்பிய இசை அரங்குகளில் பெயர் வாங்கியவர் அவர். சினிமாவை விட்டு விலகிய பிறகும் மேடை இசை, அதாவது கச்சேரி அரங்குகளில் வாசிப்பதற்கான இசை, எழுதிக்கொண்டே இருந்தார். இந்த இரண்டையும் தனித்தனியாகப் பிரித்துப் பார்ப்பதுதான் ரோஜாவைப் பற்றி எழுதுபவர்கள் வழக்கமாகச் செய்வது. எனக்கு அதில் உடன்பாடில்லை. ஏன் என்பது போகப் போகத் தெரியும்.

இசை அவருக்கு எங்கிருந்து வந்தது?

வீட்டிலிருந்து முதலில். அம்மா பியானோ வாசிப்பவர். ஹங்கேரிய பியானோ மேதை லிஸ்ட்டின் மாணவர்களிடம் பாடம் கேட்டவர். தாய்மாமா புடாபெஸ்ட் ஓப்பரா இசைக்குழுவில் வயலின் கலைஞர். அவரிடம் ஐந்து வயதில் வயலின் கற்கத் தொடங்கினார்.

அடுத்தது கிராமத்திலிருந்து. இதைத்தான் நான் முக்கியமாக நினைக்கிறேன். அப்பா தொழிலதிபர், நிலபுலன்களும் உண்டு. வடக்கு ஹங்கேரியின் நோக்ராத் மாவட்டத்தில், மாத்ரா மலைத்தொடருக்குப் பக்கத்தில், தொமாஷி என்ற ஊரில் அவர்கள் நிலம் இருந்தது. அந்தப் பகுதியில் வாழ்பவர்கள் பலோட்ஸ் மக்கள். தங்களுக்கென்று பேச்சு வழக்கு, உடை, பாட்டு எல்லாம் உள்ள சமூகம். வயலில் வேலை செய்யும்போதும் விழாக்களிலும் அவர்கள் பாடியதைச் சிறுவன் ரோஜா குறித்துவைத்துக்கொண்டான். ஹங்கேரிய இசையமைப்பாளர்கள் பார்த்தோக்கும் கோடாயும் ஒலிப்பதிவுக் கருவியைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போய் முறைப்படி சேகரித்தார்கள். இவருடையது அப்படியான ஆய்வு இல்லை, காதில் விழுந்து மனதில் தங்கியது.

அந்தப் பாட்டுகளுக்கு ஐந்து ஸ்வர அமைப்பு அடிப்படை. ஹங்கேரிய மொழியில் எந்தச் சொல்லானாலும் முதல் அசையில்தான் அழுத்தம் விழும். அதனால் பாட்டின் அடியும் அழுத்தத்தோடு தொடங்கும். ரோஜாவின் ரோமானிய அணிவகுப்பு இசையை இதை மனதில் வைத்துக் கேட்டுப் பாருங்கள். முதல் ஸ்வரத்திலேயே காலை ஊன்றி நிற்கும். படத்தில் நடப்பது ரோம், ஒலிப்பது தொமாஷி.

வேதியியல் படித்தார் என்கிறார்களே?

உண்மைதான். மகனுக்குக் கைத்தொழில் ஒன்று வேண்டும் என்பது அப்பாவின் கவலை. 1925இல் ஜெர்மனியின் லைப்சிக் பல்கலைக்கழகத்தில் வேதியியல் படிக்கச் சேர்ந்தார். கொஞ்ச காலத்திலேயே அதே ஊர் இசைக் கல்லூரிக்கு மாறிவிட்டார். ஹெர்மன் கிராப்னர் அவருக்கு ஆசிரியர். இசைமேதை பாக் பணியாற்றிய புனித தோமா தேவாலயத்தில் அப்போது இசைத் தலைவராக இருந்தவர் கார்ல் ஷ்ட்ராவ்பே. அவருடைய சிபாரிசில் பிரைட்கோப் அண்ட் ஹெர்ட்டல் என்ற பழம்பெரும் இசைப் பதிப்பகம் மாணவனாக இருக்கும்போதே ரோஜாவின் படைப்புகளை அச்சிட்டது. 1929இல் படிப்பு முடிந்தது.

அப்படிப்பட்டவர் சினிமாவுக்கு ஏன் வந்தார்?

சாப்பாட்டுக்காக. இதைச் சொல்வதில் கூச்சப்பட ஒன்றுமில்லை.

1930களின் தொடக்கத்தில் அவர் பாரிஸில் குடியேறினார். 1933இல் எழுதிய 'கருப்பொருள், மாறுபாடுகள், நிறைவு' என்ற இசைக்குழுப் படைப்பு ஐரோப்பாவில் நல்ல பேர் வாங்கியது. பேர் வந்த அளவுக்குப் பணம் வரவில்லை. 1934இல் பாரிஸில் ஒரு கச்சேரி. அவருடைய இசையும் ஆர்த்தர் ஹொனெகர் என்ற இசையமைப்பாளரின் இசையும் அதில் இடம்பெற்றன. நீங்கள் எப்படிப் பிழைக்கிறீர்கள் என்று ஹொனெகரைக் கேட்டிருக்கிறார். சினிமாவுக்கு இசை எழுதுகிறேன் என்று பதில் வந்தது. ஹொனெகர் இசையமைத்த 'லே மிசராப்லே' அப்போது திரையில் ஓடிக்கொண்டிருந்தது. போய்ப் பார்த்த ரோஜா, தீவிரமான ஒரு கலைஞன் இந்த ஊடகத்தில் இவ்வளவு செய்ய முடியுமா என்று வியந்துபோனார்.

வியந்தாலும் பாரிஸில் பட வாய்ப்பு எதுவும் வரவில்லை. நிக் தொமாய் என்ற புனைபெயரில் லேசான, கேளிக்கை இசை எழுதிக் காலம் தள்ளினார். புனைபெயருக்கும் ஊரின் சாயலையே எடுத்துக்கொண்டது அவர் குணம்.

முதல் படம் எது?

1937இல் வெளிவந்த 'நைட் விதவுட் ஆர்மர்'. லண்டனுக்குப் போன பிறகு கிடைத்தது. மார்லீன் டீட்ரிச்சும் ராபர்ட் டோனட்டும் நடிக்க, ஜாக் ஃபெய்டர் இயக்கினார். தயாரித்தவர் அலெக்சாண்டர் கோர்டா, அவரும் ஹங்கேரிக்காரர். அன்றைய லண்டன் சினிமாவில் கோர்டா சகோதரர்கள் மூவரும் பெரிய சக்தி: அலெக்சாண்டர் தயாரிப்பாளர், ஸோல்தான் இயக்குநர், வின்சென்ட் கலை இயக்குநர். 1939இல் வந்த 'த ஃபோர் ஃபெதர்ஸ்' படமும் அவர்களுக்காக இசையமைத்ததுதான்.

'பாக்தாத் திருடன்' படத்தில் வேறொருவர் இசையமைப்பதாக இருந்ததாமே?

ஆமாம், 1940இல் வந்த ஆங்கிலப் படத்தைத்தான் கேட்கிறீர்கள். இந்தக் கதையைச் சொல்லாமல் ரோஜாவின் வாழ்க்கையைச் சொல்ல முடியாது. படத்தின் முதல் இயக்குநர் லுட்விக் பெர்கர், வியன்னாவின் ஓப்பரெட்டா (கேளிக்கை இசைநாடகம்) மேதை ஆஸ்கர் ஷ்ட்ராவ்ஸ்தான் வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். ஷ்ட்ராவ்ஸிடமிருந்து வந்த பாட்டுகள் கோர்டாவின் குழுவுக்கு இந்தப் படத்துக்குப் பொருந்துவதாகப் படவில்லை. இயக்குநரை நேரடியாக மறுக்காமல் கோர்டா ஒரு வேலை செய்தார். பெர்கரின் அறைக்கு அடுத்த அறையை ரோஜாவுக்குக் கொடுத்து, ஒரு பியானோவையும் போட்டு, நீ எழுதியதை தினமும் வாசித்துக்கொண்டே இரு என்றார். சில நாள் கழித்து பெர்கர் கதவைத் தட்டி, இது என்ன இசை என்று விசாரித்தார். கேட்டு முடித்ததும் மனம் மாறிவிட்டார்.

நடுவில் போர் வந்துவிட்டது. பாதியில் நின்ற படத்தை அமெரிக்காவில் முடிப்பது என்று முடிவாக, 1940இல் ரோஜாவும் ஹாலிவுட் போய்ச் சேர்ந்தார். முடிப்பதற்காகப் போனவர் அங்கேயே தங்கிவிட்டார். அந்தப் படத்தில் திருடனாக நடித்த சிறுவன் மைசூரில் பிறந்த சாபு. 1942இல் ஸோல்தான் கோர்டா இயக்கிய 'ஜங்கிள் புக்'கிலும் சாபுதான் நாயகன், ரோஜாதான் இசை. அந்த இசையைக் கதைசொல்லும் குரலோடு சேர்த்து இசைத்தட்டாகவும் வெளியிட்டார்கள்.

பாட்டுகளும் போட்டாரா?

சில படங்களில் உண்டு. 'பாக்தாத் திருடன்' பாட்டுகள் நிறைந்த படம். 1961இல் வந்த 'எல் சிட்'டின் காதல் இசை, வரிகள் சேர்க்கப்பட்டு சிறந்த பாடலுக்கான ஆஸ்கர் பரிந்துரையும் பெற்றது. ஆனால் அவர் பலம் பாட்டில் இல்லை, பின்னணி இசையில்தான்.

'டபுள் இன்டெம்னிட்டி' இசைக்கு ஸ்டூடியோவிலேயே எதிர்ப்பு இருந்தது ஏன்?

1944இல் பில்லி வைல்டர் இயக்கிய குற்றப்படம் அது. காப்பீட்டு முகவர் ஒருவரும் ஒரு மனைவியும் சேர்ந்து அவள் கணவனைக் கொல்கிறார்கள். அன்றைய ஹாலிவுட் வழக்கப்படி வயலின்கள் உருகி வழிய வேண்டும். ரோஜா எழுதியதோ ஒன்றோடொன்று உரசும் ஸ்வரங்கள், கனத்த பித்தளைக் கருவிகள், நடக்கப்போவது நல்லதில்லை என்று முதல் நிமிடத்திலேயே அறிவித்துவிடும் ஒரு நடை. பாரமவுண்ட் இசைத்துறைத் தலைவருக்கு இது பிடிக்கவே இல்லை. இதெல்லாம் நியூயார்க்கின் கச்சேரி அரங்கான கார்னகி ஹாலில் வாசிக்க வேண்டிய சரக்கு என்று கடிந்துகொண்டார். ரோஜா அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டு நன்றி சொன்னார். வைல்டர் இசையமைப்பாளர் பக்கம் நின்றார். ஸ்டூடியோவின் தயாரிப்புத் தலைவரும் படத்தைப் பார்த்துவிட்டு இசையைப் பாராட்ட, எதிர்ப்பு அடங்கியது.

என்னைக் கேட்டால் ரோஜாவின் சினிமா வாழ்க்கையில் உச்சம் இந்தக் காலம்தான். 1944 முதல் 1948 வரை அவர் தொட்ட இருண்ட படங்களை வரிசையாகப் பாருங்கள்: 'த லாஸ்ட் வீக்கெண்ட்', 'த கில்லர்ஸ்', 'ப்ரூட் ஃபோர்ஸ்', 'த நேக்கட் சிட்டி'. பிரம்மாண்டமான ரோமானியப் படங்களுக்குக் கிடைத்த புகழ் இவற்றுக்குக் கிடைக்கவில்லை. ஆனால் இசையில் கூர்மை இங்கேதான் அதிகம்.

'ஸ்பெல்பவுண்ட்' படத்தில் வரும் விசித்திரமான ஒலி என்ன கருவி?

தெரமின். ரஷ்யரான லியோன் தெரமின் உருவாக்கிய மின்னணுக் கருவி. அதைத் தொடாமலே வாசிக்க வேண்டும். ஒரு பெட்டியிலிருந்து இரண்டு ஆன்டெனாக்கள் நீட்டிக்கொண்டிருக்கும். ஒரு கையை ஒன்றின் பக்கம் கொண்டுபோனால் சுருதி ஏறும், விலக்கினால் இறங்கும். மற்றக் கை ஒலியின் அளவைக் கூட்டும், குறைக்கும். தந்தியும் இல்லை, கட்டையும் இல்லை என்பதால் ஸ்வரத்தைச் சரியாகப் பிடிப்பது மிகக் கடினம். 1945இல் வந்த ஹிட்ச்காக்கின் 'ஸ்பெல்பவுண்ட்'டில் கிரிகரி பெக் பாத்திரத்தின் மனநோய் தலைதூக்கும் இடங்களில் இதைப் பயன்படுத்தினார் ரோஜா. வாசித்தவர் சாமுவேல் ஹாஃப்மன். தொழிலால் கால் நோய்களுக்கு வைத்தியம் பார்ப்பவர்!

அதே ஆண்டு 'த லாஸ்ட் வீக்கெண்ட்'டில் குடிப்பழக்கத்தின் பிடியைக் காட்டவும் ரோஜா தெரமினை எடுத்தார். 'ஸ்பெல்பவுண்ட்' தயாரிப்பாளர் செல்ஸ்னிக் தரப்புக்குக் கோபம்: நம் படத்துக்கென்று வந்த ஒலியை இன்னொரு படத்தில் போட்டுவிட்டாரா? ஆமாம், தெரமின் மட்டுமில்லை, அங்கே பிக்கலோ, ட்ரம்பெட், வயலின் எல்லாவற்றையும்கூடத்தான் பயன்படுத்தியிருக்கிறேன் என்ற பொருளில் பதில் சொன்னார் ரோஜா.

1945ஆம் ஆண்டுப் படங்களுக்கான ஆஸ்கரில் ஒரே பிரிவில் இவருடைய மூன்று படங்கள் போட்டியிட்டன: 'ஸ்பெல்பவுண்ட்', 'த லாஸ்ட் வீக்கெண்ட்', 'எ சாங் டு ரிமெம்பர்'. வென்றது 'ஸ்பெல்பவுண்ட்'. ஹிட்ச்காக்குக்கு அந்த இசை பிடிக்கவில்லை, தன் இயக்கத்துக்குக் குறுக்கே வருகிறது என்று நினைத்தார். இருவரும் மறுபடி சேரவே இல்லை.

'த லாஸ்ட் வீக்கெண்ட்'டை இசைதான் காப்பாற்றியது என்பது மெய்யா?

பெருமளவு மெய். முன்னோட்டக் காட்சியில் தற்காலிகமாக ஜாஸ் வகை இசையைப் போட்டுக் காட்டினார்கள். குடிகாரன் தவிக்கும் இடத்தில் பார்வையாளர்கள் சிரித்துவிட்டார்கள். படத்தைக் கிடப்பில் போடலாமா என்ற பேச்சுகூட எழுந்தது. ரோஜாவின் இசை சேர்ந்தபின் அதே காட்சிகளைப் பார்த்து யாரும் சிரிக்கவில்லை. சிறந்த படம் உட்பட நான்கு ஆஸ்கர்கள் கிடைத்தன. பின்னணி இசை என்ன செய்யும் என்று யாராவது கேட்டால் நான் காட்டும் முதல் உதாரணம் இது. நடிப்பு மாறவில்லை, படத்தொகுப்பு மாறவில்லை. நாயகனைப் பார்த்துச் சிரிக்கலாமா, அவனுக்காகப் பயப்பட வேண்டுமா என்பதை முடிவு செய்தது இசை.

'டிராக்நெட்' இசை இவருடையதா?

அந்தப் புகழ்பெற்ற நான்கு ஸ்வரத் தொடக்கம் 1946இல் 'த கில்லர்ஸ்' படத்துக்கு ரோஜா எழுதியதில் இருக்கிறது. பிறகு 'டிராக்நெட்' என்ற அமெரிக்கத் துப்பறியும் தொடருக்கு வால்டர் ஷூமன் எழுதிய இசையிலும் அதே வடிவம் வந்தது. வழக்கு எழுந்து, சமரசத்தில் முடிந்து, இருவருக்கும் உரிமை என்றானது.

பழங்கால ரோம் இசை எப்படி இருந்தது என்று அவருக்கு எப்படித் தெரியும்?

தெரியாது, யாருக்கும் தெரியாது. ரோமானியர்களின் இசை எழுத்து வடிவில் நம் கைக்கு வந்துசேரவில்லை. 1948இல் எம்ஜிஎம் ஸ்டூடியோவில் சேர்ந்த ரோஜாவிடம் 'குவோ வாடிஸ்' (1951) வந்தபோது, லைப்சிக்கில் கற்ற இசை ஆய்வு கைகொடுத்தது. ரோமானியப் பண்பாடு கிரேக்கத்திடம் நிறையக் கடன் வாங்கியது, அதனால் கிரேக்க இசையிலிருந்து தொடங்கலாம் என்று தர்க்கம் பண்ணினார். இன்றைய துருக்கியின் அய்தின் நகருக்குப் பக்கத்தில் கிடைத்த செய்கிலோஸ் கல்லறைக் கல்வெட்டில் ஒரு பாட்டு ஸ்வரக் குறிகளோடு பொறிக்கப்பட்டிருக்கிறது. முழுமையாகக் கிடைத்துள்ள இசைப் படைப்புகளில் இதுதான் மிகப் பழையது. அதை நீரோ மன்னன் பாடும் பாட்டுக்குப் பயன்படுத்தினார். கிறிஸ்தவர்களின் பாட்டுக்கு யூதப் பாரம்பரியத்தையும் ஆதி தேவாலய இசையையும் நாடினார். பழைய யாழ் ஒலிக்கு ஸ்காட்லாந்தின் சிறிய ஹார்ப்பை எடுத்துக்கொண்டார்.

இதை வரலாற்று மீட்பு என்று சொல்லிவிடக் கூடாது. அடியில் ஓடும் மெட்டு பழையது, அதை எடுத்து நிறுத்தும் இசைக்குழு இருபதாம் நூற்றாண்டுடையது. ஆனால் அடுத்து வந்த ரோமானியப் படங்களின் ஒலி இப்படித்தான் இருக்க வேண்டும் என்ற இலக்கணம் இதிலிருந்தே பிறந்தது. ஸ்பானிய வீரன் ஒருவனின் கதையான 'எல் சிட்'டுக்கும் ஸ்பெயின் போய், அந்த வீரனைப் பற்றி வாழ்நாள் முழுக்க ஆய்ந்த அறிஞர் ரமோன் மெனெந்தெஸ் பிதாலைச் சந்தித்து, இடைக்கால ஸ்பானியப் பாடல்களைப் படித்துவிட்டுத்தான் எழுத உட்கார்ந்தார்.

'பென்-ஹர்' தேர்ப்பந்தயத்தின் இசை ஏன் இவ்வளவு பேசப்படுகிறது?

பேசப்படுவது அணிவகுப்பு இசை. பந்தயம் தொடங்கியதும் இசை அறவே கிடையாது! குளம்புச் சத்தம், சக்கரங்கள், கூட்டத்தின் ஆரவாரம் மட்டும்தான். முன்னால் முழங்கிய அணிவகுப்பு சட்டென்று நின்றுவிடுவதால்தான் அந்த வெறும் சத்தம் அவ்வளவு பயமுறுத்துகிறது.

இசையே எல்லாம் செய்வது துடுப்புக் காட்சியில். சுத்தியல் அடிக்கு ஏற்பத் துடுப்பு விழ வேண்டும். தளபதி படிப்படியாக வேகத்தைக் கூட்டச் சொல்கிறான், இசைக்குழுவும் கூடவே ஏறுகிறது, அடிமைகள் ஒவ்வொருவராகச் சரிகிறார்கள். இயேசுவின் முகம் படத்தில் காட்டப்படுவதே இல்லை. அவர் வரும் இடங்களில் ஆர்கனும் தந்திக் கருவிகளும் எழுப்பும் ஒரு மெல்லிய இசை அந்த முகத்துக்கு ஈடாக நிற்கிறது.

இயக்குநர் வில்லியம் வைலர், இயேசு பிறப்புக் காட்சிக்கு எல்லாருக்கும் தெரிந்த 'அதெஸ்தே ஃபிதேலிஸ்' கிறிஸ்துமஸ் பாட்டைப் போடச் சொன்னார். பல நூற்றாண்டு கழித்து வந்த பாட்டு அது, அந்தக் காலத்துக்கு ஒட்டாது என்று ரோஜா மறுத்துவிட்டு, தானே புதிதாக ஒன்று எழுதினார். 1959இல் வந்த படம் 11 ஆஸ்கர்களை வாரியது. அதில் ஒன்று ரோஜாவின் மூன்றாவது. இரண்டாவது, 1947ஆம் ஆண்டின் 'எ டபுள் லைஃப்' படத்துக்கு.

சினிமாவில் இவ்வளவு வேலை இருக்க, மேடை இசை எப்போது எழுதினார்?

கோடையில். எம்ஜிஎம் ஒப்பந்தத்தில் ஆண்டுக்கு மூன்று மாதம் தன் சொந்த இசைக்கு என்று பேசி வாங்கிக்கொண்டார். இத்தாலியின் கடலோர ஊரான சாந்தா மார்கெரிதாவுக்குப் போய், படத்தையெல்லாம் மறந்து எழுதுவார். இந்த ஒரு நிபந்தனைதான் அவரைக் கலைஞராகக் காத்தது என்பது என் உறுதியான எண்ணம். சம்பளத்தைக் கூட்டிக் கேட்பது எளிது. நேரத்தைக் கேட்டு வாங்கத் துணிவு வேண்டும்.

1953இல் வயலின் மேதை யாஷா ஹைஃபெட்ஸுக்காக வயலின் கொன்செர்ட்டோ (தனி வயலினும் இசைக்குழுவும் சேர்ந்து வாசிக்கும் படைப்பு) எழுதினார். 1956இல் டாலஸில் ஹைஃபெட்ஸ் அதை அரங்கேற்றினார். அப்புறம் செல்லோவுக்கு யானோஷ் ஷ்டார்கர், வயோலாவுக்கு பிங்கஸ் ஸூக்கர்மன் என்று பெரிய கலைஞர்கள் அவர் படைப்புகளை எடுத்து வாசித்தார்கள். 1943 நவம்பர் 14 அன்று, உடல்நலமில்லாத புரூனோ வால்டருக்குப் பதிலாக 25 வயது லியோனார்ட் பெர்ன்ஸ்டைன் நியூயார்க் ஃபில்ஹார்மோனிக்கை நடத்தி ஒரே நாளில் புகழ்பெற்றாரே, அந்தக் கச்சேரியிலும் ரோஜாவின் 'கருப்பொருள், மாறுபாடுகள், நிறைவு' இருந்தது.

பில்லி வைல்டர் அந்த வயலின் கொன்செர்ட்டோவின் இசைத்தட்டைத் திரும்பத் திரும்பக் கேட்டு, அதையே அடிப்படையாக வைத்து 'த பிரைவேட் லைஃப் ஆஃப் ஷெர்லாக் ஹோம்ஸ்' (1970) படத்துக்கு இசை அமைக்கச் சொன்னார். மேடைக்கென எழுதிய இசை ஒரு ஸ்வரமும் அந்நியமாகத் தெரியாமல் படத்துக்குள் போய் உட்கார்ந்தது. தன் சுயசரிதைக்கு 'இரட்டை வாழ்க்கை' என்று அவரே பெயர் வைத்தார், சரி. ஆனால் காதால் கேட்டால் ஒரே வாழ்க்கைதான் தெரிகிறது. கொன்செர்ட்டோவிலும் அந்தக் கிராமத்து ஐந்து ஸ்வரங்கள், 'த கில்லர்ஸ்'ஸிலும் அதே காலூன்றல்.

பாடம் நடத்தினாரா?

1945 முதல் 1965 வரை தெற்குக் கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் திரைப்பட இசை கற்பித்தார். 'ஸ்பெல்பவுண்ட்' பார்த்துவிட்டு இசையமைப்பாளராக வேண்டும் என்று முடிவெடுத்த ஜெர்ரி கோல்ட்ஸ்மித் அந்த வகுப்பில் வந்து அமர்ந்தவர்.

1960களுக்குப் பிறகு படங்கள் ஏன் குறைந்தன?

காலம் மாறியது. ஸ்டூடியோ அமைப்பு சரிந்தது. தயாரிப்பாளர்கள் பாப் பாட்டு விற்பனையைப் பார்த்தார்கள். 1962இல் எம்ஜிஎம்மை விட்டு விலகிய ரோஜா வருவதையெல்லாம் ஒத்துக்கொள்ளவில்லை. ஆனாலும் 1977இல் அலென் ரெனே இயக்கிய 'ப்ராவிடென்ஸ்' அவருக்கு பிரான்ஸின் சேசர் விருதைக் கொண்டுவந்தது. 70 வயதில் இப்படி ஒரு இசை! கடைசிப் படம் 1982இல் வந்த 'டெட் மென் டோன்ட் வேர் பிளெய்ட்'. பழைய குற்றப்படங்களின் துண்டுகளை வெட்டி ஒட்டிச் செய்த படம் அது. அந்தப் பழைய படங்களில் சிலவற்றுக்கு முதலில் இசையமைத்தவரே அவர்தான்.

கடைசி ஆண்டுகள்?

1982இல் பக்கவாதம் தாக்கியது. அதன் பின் சினிமா இல்லை. பெரிய இசைக்குழுவுக்கு எழுத உடல் இடம் தராததால், புல்லாங்குழல், வயலின், கிளாரினெட், கிதார் என்று ஒற்றைக் கருவிக்கான தனிப்படைப்புகளை எழுதினார். 1995 ஜூலை 27 அன்று லாஸ் ஏஞ்சலஸில் காலமானார்.

முதன்முதலாகக் கேட்பவர் எதிலிருந்து தொடங்கலாம்?

பெரும்பாலோர் 'பென்-ஹர்' என்பார்கள். நான் வேறு வழி சொல்வேன். முதலில் 'டபுள் இன்டெம்னிட்டி'யை முழுப் படமாகப் பாருங்கள், தொடக்க இசையைத் தவறவிடாமல். இரண்டாவது, ஹைஃபெட்ஸ் வாசித்த வயலின் கொன்செர்ட்டோ. நடுப்பகுதியை இரண்டு முறையாவது கேளுங்கள். மூன்றாவதாக 'ஷெர்லாக் ஹோம்ஸ்' படம், கொன்செர்ட்டோவின் எந்த மெட்டு எங்கே வருகிறது என்று தேடிக்கொண்டே. 'பென்-ஹர்' அதற்கப்புறம் போதும். அதை மட்டும் சின்ன அலைபேசியில் பார்க்காதீர்கள். நல்ல ஒலிபெருக்கி உள்ள இடத்தில், திரை விலகும் முன் ஒலிக்கும் தொடக்க இசையையும் இடைவேளைக்குப் பின் வரும் இசையையும் தாண்டிப் போகாமல் பாருங்கள்.